மோட்சார்ட்டின் முதல் சிம்பொனி: முழக்கத்துக்குப் பின் வரும் எட்டு பார்கள்

மோட்சார்ட் எழுதிய ஈ ஃப்ளாட் மேஜர் சிம்பொனியைப் (கே. 16; ‘கே.’ என்பது மோட்சார்ட் படைப்புகளின் பட்டியல் எண்) பற்றிய பேச்சு பெரும்பாலும் அவருடைய வயதில் தொடங்கி அந்த வயதிலேயே முடிந்துவிடுகிறது. எட்டு வயதுப் பையன் ஒரு முழு இசைக்குழுவுக்கு எழுதினான் என்று வியந்துவிட்டு, ஒருமுறை போட்டுக் கேட்டு, நன்றாகத்தான் இருக்கிறது என்று தலையாட்டிவிட்டு, அவர் முப்பது வயதைத் தாண்டி எழுதிய பெரிய சிம்பொனிகளுக்கு நகர்ந்துவிடுவதே வழக்கம். நானும் பல ஆண்டுகள் அப்படித்தான் இருந்தேன். சில வாரங்களுக்கு முன்பு ஏதோ ஒரு சலிப்பில் இதன் ஸ்கோரை, அதாவது எல்லாக் கருவிகளுக்கும் உரிய சுரங்கள் எழுதிய தாள்களை, கையில் வைத்துக்கொண்டு நான்கு ஒலிப்பதிவுகளை அடுத்தடுத்துக் கேட்கத் தொடங்கினேன். வயதை மறந்துவிட்டுக் கேட்டால் இதில் என்ன மிஞ்சும் என்பதே என் கேள்வியாக இருந்தது. நிறைய மிஞ்சுகிறது என்று சொல்ல மாட்டேன். ஆனால் மிஞ்சுவது நான் எதிர்பார்த்த இடத்தில் இல்லை. உற்சாகமான, வேகமான, சத்தமான இடங்களெல்லாம் அக்காலத்தில் யாரும் எழுதக்கூடியவையாக இருக்கின்றன. சத்தம் அடங்கும் இடங்களில்தான் இந்தப் பையன் தனியாகத் தெரிகிறான்.

படைப்பு மிகச் சிறியது. மூன்று பகுதிகளும் சேர்ந்து, திரும்ப வாசிக்கச் சொல்லும் குறிகளை எந்த அளவு மதிக்கிறார்கள் என்பதைப் பொறுத்து, ஏறத்தாழ 12 நிமிடங்கள் அல்லது அதற்குச் சற்றுக் கூடுதலாக ஓடும். இரண்டு ஓபோக்கள் (மரக்குழல் வகை), இரண்டு ஹார்ன்கள் (பித்தளை ஊதுகருவி), தந்திக் கருவிகள், அவற்றுக்கு அடியில் பாஸ் எனும் அடிக்குரல் வரியோடு சேர்ந்து ஒலிக்கும் ஒரு ஹார்ப்சிகார்ட் (பியானோவுக்கு முந்தைய கீபோர்டு), அவ்வளவுதான் இசைக்குழு. வேகம், நிதானம், வேகம் என்ற மூன்று பகுதி அமைப்பு அன்றைய இத்தாலிய ஓபராக்களின் தொடக்க இசையிலிருந்து வந்தது. பிற்காலச் சிம்பொனிகளில் நாம் பழகிப்போன மினுவெட் என்ற நடனப் பகுதி இதில் கிடையாது. சிம்பொனி என்ற சொல்லுக்கு 1764இல் இன்றைய கனமும் கிடையாது. கச்சேரியின் தொடக்கத்தில் அரங்கை அமைதிப்படுத்தவும் முடிவில் அனுப்பிவைக்கவும் வாசிக்கப்பட்ட இசை அது. பெரிய தத்துவம் எதையும் எதிர்பார்த்து உட்கார்ந்தால் ஏமாற்றமே கிடைக்கும்.

இது எழுதப்பட்ட சூழல் எல்லோருக்கும் தெரிந்த கதைதான், ஆனாலும் கேட்பதற்கு உதவுகிற அளவில் அதைச் சொல்லிவிடுகிறேன். மோட்சார்ட் குடும்பம் 1763 ஜூன் மாதம் சால்ஸ்பர்கிலிருந்து நீண்ட ஐரோப்பியப் பயணம் புறப்பட்டு, 1764 ஏப்ரல் 23 அன்று லண்டன் வந்து சேர்ந்தது. வந்த சில நாள்களிலேயே பிள்ளைகள் இருவரும் மூன்றாம் ஜார்ஜ் மன்னர் முன் வாசித்தார்கள். அந்தக் கோடையில் தந்தை லெயோபோல்டு கடுமையாக நோயுற்றதால், நகரின் நெரிசலை விட்டு அன்று ஊர்ப்புறமாக இருந்த செல்சீக்கு, இன்று ஈபரி தெரு எனப்படும் இடத்துக்கு, குடும்பம் குடிபெயர்ந்தது. தந்தை குணமாகும்வரை வீட்டில் கீபோர்டு வாசிக்கக் கூடாது என்று கட்டளை. வாசிக்க முடியாத பையன் எழுத உட்கார்ந்தான். அப்போது 13 வயதான அக்கா நானெர்ல் பக்கத்தில் இருந்து படியெடுத்தாள் என்றும், ஹார்னுக்கு உருப்படியாக ஏதாவது கொடுக்க வேண்டும், மறந்துவிடாமல் நினைவூட்டு என்று தம்பி அவளிடம் சொன்னான் என்றும், மோட்சார்ட் இறந்த பிறகு அவளே நினைவுகூர்ந்தாள்.

இந்த ஹார்ன் கதையை நிகழ்ச்சிக் குறிப்புகளில் திரும்பத் திரும்பப் படித்திருக்கிறேன். அதே நினைவுக் குறிப்பில் ட்ரம்பெட்டுகளும் டிரம்களும் இருந்ததாக நானெர்ல் சொல்வதை மட்டும் ஏனோ பலரும் விட்டுவிடுகிறார்கள். கே. 16இல் ட்ரம்பெட்டும் இல்லை, டிரம்மும் இல்லை. எனவே அவள் சொன்னது வேறு ஏதோ ஒரு சிம்பொனியாக இருக்கலாம், அது தொலைந்தும் போயிருக்கலாம் என்று ஆய்வாளர்கள் ஐயப்படுவதில் நியாயம் இருக்கிறது. முப்பது ஆண்டுகளுக்கும் மேலாகக் கழிந்த பிறகு ஒரு பெண்மணி தன் சிறுவயதை நினைத்துச் சொன்னதில் இரண்டு கருவிகள் கூடிப்போயிருந்தாலும் அதில் குற்றம் இல்லை. எப்படியிருந்தாலும், இந்தச் சிம்பொனியில் ஹார்னுக்கு உருப்படியான ஓர் இடம் உண்டு. அதைப் பற்றிப் பிறகு சொல்கிறேன்.

முதல் பகுதி மோல்ட்டோ அலெக்ரோ, அதாவது மிக வேகம். இசைக்குழு முழுவதும் ஒரே சுரவரிசையை ஒன்றாக, பலத்து முழங்குகிறது. ஈ ஃப்ளாட் கார்டின் (சேர்ந்து ஒலிக்கும் சுரக்கூட்டத்தின்) சுரங்களைத் தாண்டி எதுவும் இல்லாத மூன்று பார்கள் (பார் என்பது ஒரு தாளச் சுற்று). நம் வழக்கப்படி சொன்னால் ஸ, க, ப மூன்றையும் வைத்துக்கொண்டு வாசலில் நின்று கூப்பிடுவது போன்ற தொடக்கம். அன்றைய லண்டனில் இத்தகைய தொடக்கங்களுக்குப் பஞ்சமே இல்லை. அதன் பிறகு நான்காவது பாரில் சட்டென்று ஒலி தாழ்கிறது. இந்த எட்டு பார்களில் மெட்டு என்று தனியாக ஏதும் இல்லை, நீண்ட சுரங்கள் மட்டுமே நகர்கின்றன. ஒரு குரல் பழைய கார்டின் சுரத்தைப் பிடித்துக்கொண்டே நிற்க, அடியில் கார்ட் மாறிவிடுகிறது. நிற்கும் சுரம் ஒரு கணம் புதிய கார்டோடு உரசி, பிறகு ஒரு படி இறங்கி அதில் அமர்கிறது. அது அமர்ந்ததும் அடுத்த உரசல். இப்படியே எட்டு பார்கள். பிறகு பழைய முழக்கம் மீண்டும் அதே மூன்று பார்கள், மீண்டும் அந்த எட்டு பார்கள்.

இந்தப் பதினொரு பார்களின் விகிதத்தைக் கவனியுங்கள். முழக்கத்துக்கு மூன்று, அமைதிக்கு எட்டு. கத்திவிட்டு மெல்லப் பேசுவது அந்தக் காலத்துப் பாணிதான், அதைப் பையன் கண்டுபிடிக்கவில்லை. ஆனால் மெல்லப் பேசும் பகுதியை இவ்வளவு நீளமாக, மெட்டின் துணையே இல்லாமல், கார்டுகளின் நகர்வை மட்டும் நம்பி நீட்டுவதற்கு ஒரு துணிவு வேண்டும். வித்தை காட்டப் பழக்கப்பட்ட பிள்ளைக்கு, கீபோர்டின் மேல் துணியைப் போர்த்தி வாசித்துக் கைதட்டல் வாங்கிய பிள்ளைக்கு, அந்தத் துணிவு எங்கிருந்து வந்தது என்பதுதான் எனக்கு இன்னும் விளங்காத விஷயம். வேகமாக ஓடும் சுரங்களை எந்தக் கெட்டிக்காரப் பிள்ளையும் எழுதிவிடும். நீண்ட ஒரு சுரத்தை எழுதிவிட்டு, அடுத்ததை எழுதாமல் பொறுத்திருப்பது கடினம்.

அதற்குப் பிறகு வருவது நல்ல பயிற்சி. வயலின்கள் நடுங்கும் வில்லோடு மேலே பரபரக்க, அடித் தந்திகள் ஏறுவரிசையில் படியேறுகின்றன; ஐந்தாம் சுரமான பி ஃப்ளாட்டில் போய் நின்று முதல் பாதி முடிகிறது. இரண்டாம் பாதி அதே முழக்கத்தை பி ஃப்ளாட்டில் தொடங்கி, சி மைனர் வழியாக ஒரு சுற்றுச் சுற்றி, மூல ஸ்வரத்துக்குத் திரும்புகிறது. இந்தச் சி மைனர் திருப்பத்தில் முழக்கத்தின் முகம் சற்று இருண்டு போகிறது, அவ்வளவுதான். அதில் தங்கவோ தோண்டவோ பையன் முற்படவில்லை. இரண்டு பாதிகளையும் திரும்ப வாசிக்கும்போது, ஏறுவரிசைகள் இரண்டாம் முறை எனக்குச் சலித்தன என்பதை ஒளிக்க வேண்டியதில்லை. எட்டு பார்கள் மட்டும் நான்காம் முறையும் சலிக்கவில்லை.

இங்கே பையன் யாரிடமிருந்து கற்றான் என்பதைச் சொல்லாமல் போவது நியாயமாகாது. லண்டனில் அப்போது இருவர் புகழோடு இருந்தார்கள். ஒருவர் ஜே. எஸ். பாக்கின் கடைசி மகன் யோகான் கிறிஸ்டியன் பாக். 1762இல் லண்டன் வந்து, ஓபராவும் அரசவையுமாக நிலைபெற்றவர். மற்றவர் வயோலா ட காம்பா (செல்லோ போன்ற பழைய தந்திக் கருவி) கலைஞரான கார்ல் ஃப்ரீட்ரிஹ் ஆபெல். இருவரும் சேர்ந்து 1765 தொடக்கத்தில் சந்தாக் கச்சேரித் தொடர் ஒன்றையும் தொடங்கினார்கள். பலத்த முழக்கத்துக்கு மென்மையான பதில், பாடுவது போன்ற இழைவு, தெளிவான சிறு வாக்கியங்கள் என்று கே. 16இல் இருக்கும் பெரும்பாலான பழக்கங்களை இவர்களுடைய சிம்பொனிகளில் அப்படியே காணலாம். பையன் எவ்வளவு நெருங்கிப் படித்தான் என்பதற்குச் சான்றும் உண்டு: மோட்சார்ட்டின் மூன்றாம் சிம்பொனி என்று நெடுங்காலம் வரிசையில் நின்ற கே. 18 உண்மையில் ஆபெல் எழுதியது. கற்றுக்கொள்வதற்காக மோட்சார்ட் தன் கையால் படியெடுத்து வைத்திருந்ததை, கையெழுத்தைப் பார்த்துப் பிற்காலத்தவர் அவருடையதே என்று எண்ணிவிட்டார்கள்.

இந்த இடத்தில் ஒரு சிறு மனக்குறை. நான் கட்டணம் செலுத்திப் பயன்படுத்தும் ஓர் இசைச் செயலி இன்றும் கே. 18ஐ மோட்சார்ட்டின் சிம்பொனி எண் 3 என்றே காட்டுகிறது. ஆபெலின் பெயர் எங்கும் இல்லை. முதல் சிம்பொனியைக் கேட்டுவிட்டு வரிசையாகப் போகிறவர், மூன்றாவதில் பையன் திடீரென்று வளர்ந்துவிட்டான் என்று நினைப்பார். அப்படி நினைத்தவர்களில் நானும் ஒருவன். நாற்பத்தொரு சிம்பொனிகள் என்ற வரிசை எண்ணையே கொஞ்சம் எச்சரிக்கையோடு கையாள வேண்டும். அதில் 37ஆம் எண்ணும் பெரும்பகுதி மிகாயேல் ஹைடன் எழுதியது. லண்டனில் எழுதியவற்றுள் கே. 16க்கு அடுத்துக் கேட்க வேண்டியது நான்காம் எண்ணாகிய கே. 19தான்.

இனி நடுப்பகுதி. சி மைனரில், இரண்டு எண்ணிக்கைத் தாளத்தில் அமைந்த இந்த அண்டாண்டேவுக்காக (நிதானமான நடைப் பகுதிக்காக) மட்டுமே இந்தச் சிம்பொனியை ஒருவர் வைத்துக்கொள்ளலாம். மேல் தந்திகள் ஓயாமல் மும்மூன்றாகச் சுரங்களை அலைபோல் உருட்டிக்கொண்டிருக்க, அடியில் பாஸ் கருவிகள் இரண்டிரண்டாக அடியெடுத்து வைக்கின்றன. திஸ்ரமும் சதுஸ்ரமும் ஒரே நேரத்தில் ஓடும்போது ஏற்படும் அந்த மெல்லிய இழுபறியை நம் காதுகள் சட்டென்று பிடித்துக்கொள்ளும். மெட்டு என்று வாய்விட்டுப் பாடிக் காட்ட இங்கும் ஒன்றும் இல்லை. சுவருக்கு அப்பால் யாரோ பேசிக்கொண்டிருப்பதைக் கேட்பது போன்ற உணர்வு. குரலின் ஏற்ற இறக்கம் தெரிகிறது, சொற்கள் தெரிவதில்லை.

இந்த அலைகளுக்கு மேலேதான் ஹார்ன்கள் நான்கு நீண்ட சுரங்களை ஊதுகின்றன: ஸ, ரி, ம, க. இந்த நான்கு சுரங்களைப் பற்றி ஒரு பெரிய புராணமே இருக்கிறது, ஏனென்றால் 24 ஆண்டுகள் கழித்து, 1788 ஆகஸ்டில் முடித்த கடைசிச் சிம்பொனியான ஜூபிடரின் (கே. 551) இறுதிப் பகுதியை மோட்சார்ட் இதே நான்கு சுரங்களிலிருந்துதான் கட்டி எழுப்பினார். முதல் சிம்பொனியிலும் கடைசிச் சிம்பொனியிலும் அதே வாக்கியம் என்றவுடன், எட்டு வயதிலேயே ஜூபிடர் மனதில் இருந்தது என்று சிலர் எழுதிவிடுகிறார்கள். அது அதிகப்படி. இந்தச் சுரவரிசை ஐரோப்பிய இசைப் பயிற்சியில் எல்லோருக்கும் பொதுவாகப் புழங்கிவந்த பழைய சொத்து. மாணவர்கள் எதிர்க்குரல் (ஒரு மெட்டோடு சேர்ந்து ஓடும் இன்னொரு மெட்டு) எழுதிப் பழகத் தோதானது. நமக்குச் சரளி வரிசை எப்படியோ அப்படி என்று சொல்லலாம். மோட்சார்ட்டே இடையில் கே. 192 திருப்பலி இசையிலும் 33ஆம் சிம்பொனியிலும் இதைப் பயன்படுத்தியிருக்கிறார். எனவே ஜூபிடரைத் தேடிக்கொண்டு இந்த அண்டாண்டேவைக் கேட்டால், நடப்பதைத் தவறவிட்டுவிடுவீர்கள்.

நடப்பது என்னவென்றால், ஹார்னின் இயல்போடு ஒரு சிறு போராட்டம். அந்தக் காலத்து ஹார்னில் வால்வு கிடையாது. நீண்ட வளைந்த குழலில் இயற்கையாக எழும் சுரங்களை உதட்டின் அழுத்தத்தால் தேர்ந்தெடுத்து ஊத வேண்டும். எல்லாச் சுரங்களும் கிடைக்காது. கிடைப்பவற்றிலும் நான்காம் சுரமான ம, அந்தக் குழலில் இயல்பாக அமையும் இடம் சற்று ஏறியே இருக்கும். அதைக் கலைஞர் உதட்டாலோ கையாலோ இறக்கிப் பிடிக்க வேண்டும். ஸ, ரி என்று நிம்மதியாக ஏறி, மவில் ஒரு கணம் நெளிந்து, கவில் வந்து அமரும்போது கேட்பவருக்கும் ஒரு மூச்சு விட்டது போல் இருக்கும். வால்வு உள்ள இன்றைய ஹார்னில் அந்த நெளிவு காணாமல் போய்விடுகிறது. சுரம் சுத்தமாக வருகிறது, போராட்டம் போய்விடுகிறது. ஹார்னுக்கு உருப்படியாக ஏதாவது கொடுக்க வேண்டும் என்று பையன் சொன்னது இந்தச் சிம்பொனியைப் பற்றித்தான் என்றால், கொடுத்துவிட்டான் என்றே சொல்வேன்.

மூன்றாம் பகுதியான ப்ரெஸ்டோவைப் (மிக விரைவான பகுதி) பற்றி அதிகம் சொல்ல ஒன்றுமில்லை. மூன்று எண்ணிக்கையில் துள்ளி ஓடும் குதூகலமான முடிவு; ஜிக் நடனத்தின் சாயல் உண்டு. பிடித்துக்கொள்ளும் பல்லவி ஒன்று திரும்பத் திரும்ப வருகிறது, நடுவில் அரைச் சுரங்களில் வழுக்கிச் செல்லும் சில குறும்பான திருப்பங்கள் வருகின்றன, முடிந்துவிடுகிறது. இனிமையாகத்தான் இருக்கிறது. அண்டாண்டேவின் மனநிலையிலிருந்து இதற்கு மாறுவதற்கு எனக்கு ஒவ்வொரு முறையும் சற்று நேரம் தேவைப்பட்டது, இசையோ அந்த நேரத்தைத் தரவில்லை. சில நாள்கள் இரண்டாம் பகுதியோடு நிறுத்திக்கொண்டேன்.

இதில் தந்தையின் பங்கு எவ்வளவு என்ற கேள்வி தவிர்க்க முடியாதது. கையெழுத்துப் பிரதி பையனுடையது, ஆனால் அதில் லெயோபோல்டின் திருத்தங்களும் உண்டு. அவர் சாதாரண ஆளும் அல்லர்: அரசவை இசைக்கலைஞர், மகன் பிறந்த அதே 1756இல் வெளியான, வயலின் பயிற்சிக்கான புகழ்பெற்ற நூலை எழுதியவர், தாமே சிம்பொனிகள் எழுதியவர். கணக்குப் போடும் பிள்ளையின் தோளுக்கு மேலே ஒரு கணக்கு வாத்தியார் எட்டிப் பார்த்துக்கொண்டிருப்பது போன்ற நிலைமை. திருத்தங்கள் இருப்பதால் படைப்பின் மதிப்பு குறைந்துவிட்டதாக நான் நினைக்கவில்லை. வானத்திலிருந்து விழுந்தது என்ற கதையின் மதிப்புதான் குறைகிறது, அது குறைவது நல்லதே. நல்ல ஆசிரியர் ஒருவர் வீட்டிலேயே இருந்தார், நல்ல முன்மாதிரிகள் ஊரிலேயே இருந்தன, பையன் இரண்டையும் விழுங்கிக்கொண்டான். அந்த எட்டு பார்களும் அண்டாண்டேவும் இவற்றையெல்லாம் கழித்த பிறகும் நிற்கின்றன.

1765 பிப்ரவரி 21 அன்று ஹேமார்க்கெட் சிற்றரங்கில் நடந்த கச்சேரியில் மோட்சார்ட்டின் சிம்பொனிகள் வாசிக்கப்பட்டன. அவற்றுள் இதுவும் இருந்திருக்கும் என்றே பலரும் கருதுகிறார்கள். அதற்குச் சில நாள்கள் முன்பு லெயோபோல்டு ஊருக்கு எழுதிய கடிதத்தில், சிம்பொனிகள் அத்தனையும் வொல்ஃப்காங்குடையவை என்று பெருமைப்பட்ட கையோடு, தாளுக்கு ஒரு ஷில்லிங் கொடுக்க மனமில்லாவிட்டால் படியெடுக்கும் வேலையைத் தாமே செய்ய வேண்டியிருக்கிறது என்று புலம்பவும் செய்கிறார். மேதைமை ஒரு பக்கம், செலவுக் கணக்கு ஒரு பக்கம். எனக்கு அந்த மனிதரைப் பிடித்துப்போனது இந்தக் கடிதத்தால்தான்.

ஒலிப்பதிவுகளுக்கு வருகிறேன். கார்ல் பேம் பெர்லின் ஃபில்ஹார்மோனிக்கோடு செய்த முழுத் தொகுப்பே பலருக்கு முதல் அறிமுகம், எனக்கும் அப்படித்தான். பெரிய இசைக்குழுவின் தடித்த, அழகான ஒலி. முழக்கம் உண்மையிலேயே முழங்குகிறது. ஆனால் அந்தக் கனம் இந்தச் சிறிய உடம்புக்கு அளவெடுக்காமல் தைத்த கோட்டு போலத் தொங்குகிறது. எட்டு பார்களில் உரசல் உரசலாகவே கேட்பதில்லை, மெத்தையில் அழுந்திவிடுகிறது. அண்டாண்டேவில் மட்டும் அந்த நிதானம் ஒரு தனி அழகைத் தருவதை மறுக்க முடியாது.

கிறிஸ்டஃபர் ஹாக்வுட்டும் யாப் ஷ்ரோடரும் அகாடமி ஆஃப் ஏன்ஷியண்ட் மியூசிக் குழுவோடு 1970களின் பிற்பகுதியில் தொடங்கிச் செய்த தொகுப்பு இதற்கு நேர் எதிர். அக்காலக் கருவிகள், சிறிய குழு, நடுவே ஹார்ப்சிகார்ட். நீல் ஸாஸ்லா என்ற ஆய்வாளரின் ஆலோசனையும் அதில் உண்டு. தந்திகளின் ஒலி சற்று மெலிந்தும் ஓரிரு இடங்களில் புளித்தும் இருக்கிறது. முதல் தடவை கேட்பவருக்கு அது உறுத்தலாம். ஆனால் நீண்ட சுரங்கள் அதிர்வில்லாமல் நேராக நிற்பதால், நான்காவது பாரிலிருந்து ஒவ்வொரு உரசலும் துல்லியமாகக் கேட்கிறது. வால்வில்லாத ஹார்ன்கள் மவைத் தேடிப் பிடிப்பதும் கேட்கிறது. ஒன்றே ஒன்றுதான் வாங்குவேன் என்பவருக்கு இதையே சொல்வேன்.

ட்ரெவர் பினக் தாமே ஹார்ப்சிகார்டில் அமர்ந்து இங்கிலிஷ் கான்சர்ட் குழுவை நடத்திய பதிவு இன்னும் சுறுசுறுப்பானது, ஒலியிலும் மெருகு அதிகம். ப்ரெஸ்டோ யாரிடம் நன்றாக இருக்கிறது என்று கேட்டால் பினக்கிடம்தான். அண்டாண்டே சற்று வேகமாக நகர்ந்து, அந்தச் சுவருக்கு அப்பாலான பேச்சு வெறும் சலசலப்பாகிவிடுகிறது. சார்ல்ஸ் மெக்கரஸ் ப்ராக் சேம்பர் ஆர்க்கெஸ்ட்ராவோடு செய்ததில் இன்றைய கருவிகளும் பழைய பாணி ஹார்ப்சிகார்டும் சேர்ந்திருக்கின்றன. வாசிப்பில் நல்ல உயிர் இருக்கிறது. ஆனால் அரங்கின் எதிரொலி அதிகம், வேகமான ஏறுவரிசைகள் ஒன்றோடொன்று குழம்புகின்றன. காரில் கேட்க நன்றாக இருக்கும்.

மேடையில் இதை நான் கேட்டது ஒரே ஒருமுறை, அது நல்ல அனுபவமாக அமையவில்லை. பெரிய கான்செர்ட்டோ ஒன்றுக்கு முன்னால் நிகழ்ச்சியின் முதல் உருப்படியாக இதை வைத்திருந்தார்கள். ஏற்பாட்டாளர்கள் இதைத் தாமதமாக வருவோருக்கான அவகாசமாகவே கருதியிருக்க வேண்டும். முழக்கத்தின் மூன்று பார்கள் முடிந்து ஒலி தாழ்ந்த அந்தச் சரியான நொடியில், பின்பக்கக் கதவு திறந்து, நாற்காலிகள் வரிசையாகத் தட்டுப்பட்டு, யாரோ தம் இருக்கை எண்ணைச் சற்றுப் பலமாகவே விசாரித்தார். ஹார்ப்சிகார்ட் மேடையில் இருந்தது. ஒலித்ததா என்று தெரியவில்லை. 1765இல் ஹேமார்க்கெட்டிலும் நிலைமை இதைவிட மேலாக இருந்திருக்காது என்று என்னை நானே தேற்றிக்கொண்டேன். ஆனால் அன்று உட்கார்ந்திருந்தவர்கள் திரும்ப வாசிக்கும்போது சரியாகக் கேட்டிருக்க வாய்ப்புண்டு. எனக்கு அந்த வாய்ப்பும் கிடைக்கவில்லை, நடத்துநர் திரும்ப வாசிக்கும் குறிகளை விட்டுவிட்டார்.

எனவே இதை வீட்டிலேயே கேட்பது நல்லது. ஸ்கோர் வேண்டுமானால் புதிய மோட்சார்ட் பதிப்பின் தாள்களை சால்ஸ்பர்க் மோட்சார்ட்டேயம் நிறுவனம் இணையத்தில் இலவசமாகவே வைத்திருக்கிறது. நொட்டேஷன் படிக்கத் தெரியாதவர்கூட முதல் பக்கத்தைத் திறந்து, நெருக்கமான மூன்று பார்களுக்குப் பிறகு தாள் எப்படி வெளுத்துப்போகிறது என்பதைக் கண்ணாலேயே பார்த்துக்கொள்ளலாம். ஒலியளவை முழக்கத்தைக் கேட்டு முடிவு செய்யாதீர்கள். முழக்கத்துக்கு ஏற்றபடி வைத்தால் எட்டு பார்களும் காதுக்கு எட்டாமல் போய்விடும், அண்டாண்டேவின் ஹார்ன்கள் அலைக்கு அடியில் முங்கிவிடும். நான்காவது பார் தெளிவாகக் கேட்கும் அளவுக்கு ஏற்றி வைத்துவிட்டு, மறுபடி முதலிலிருந்து போடுங்கள். முழக்கம் அப்போது காதைக் கொஞ்சம் அறையத்தான் செய்யும். மூன்று பார்தான், பொறுத்துக்கொள்ளலாம்.